வாய்த்தண்ணிக் கொளஞ்சி

எறையூரில் சர்க்கரை ஆலை வந்து நாலைந்து வருஷம் ஆகியிருந்த சமயம் அது. ஆலைச் சங்கு காதில் விழுகிற தூரத்தில் கரட்டுமேடு என்று ஓர் ஊர். அங்கே புளியமரத்தை ஒட்டி இரும்புப் பட்டறை வைத்திருந்த கொளஞ்சியைப் பற்றி முதலில் சொல்லவேண்டியது, அவன் நிறையப் பேசுவான் என்பது. இரண்டாவதாகச் சொல்லவேண்டியதும் அதேதான். பல் விளக்கும்போது பேசுவான். வாயில் சோற்றை வைத்துக்கொண்டு பேசுவான். கோயிலில் கண்ணை மூடிக் கும்பிட்டபடியே பக்கத்தில் நிற்பவரிடம் எருமை கன்று போட்டுவிட்டதா என்று விசாரிப்பான். தூக்கத்திலும் பேசுவான் என்பதை அவன் மனைவி வீராயி கல்யாணமான மூன்றாம் நாளே கண்டுபிடித்துவிட்டாள். கேட்க ஒருவரும் இல்லாவிட்டால், இரும்பை வைத்து அடிக்கிற பட்டடைக் கல்லிடம் பேசுவான். அது நல்ல கல், குறுக்கே பேசாது.

இதில் என்ன குற்றம் என்று கேட்கலாம். முடி வெட்டுகிறவருக்கு வாய் இருந்தால் தொழில் நன்றாக நடக்கும். மாட்டுத் தரகருக்கு வாய்தான் எல்லாம். கரட்டுமேட்டுக் கொல்லனுக்கு மட்டும் அது ஆகாது. ஏனென்றால் கரட்டுமேட்டில் இரும்புக்குக் காது உண்டு.

மற்ற ஊர்களில் இரும்பைக் காய்ச்சுவார்கள், அடிப்பார்கள், உரம் ஏறுவதற்காகச் சூட்டோடு தண்ணீரில் முக்குவார்கள். அப்படி முக்குவதற்குத் தோய்ச்சல் என்று பெயர். கரட்டுமேட்டிலும் அதையேதான் செய்தார்கள். ஆனால் இங்கே, பழுத்த இரும்பு தொட்டித் தண்ணீருக்குள் இறங்கிச் 'சொய்ய்' என்று கத்துகிற அந்த நாலைந்து நொடிக்குள் பக்கத்தில் என்ன பேச்சு நடக்கிறதோ, அது இரும்புக்குள் போய் உட்கார்ந்துவிடும். அப்புறம் அந்த இரும்பு தேய்ந்து தீரும்வரை அந்தப் பேச்சின்படிதான் நடக்கும். கரட்டு ஊற்றுத் தண்ணீர்தான் காரணம் என்றார்கள். டவுனிலிருந்து ஓர் ஆபீசர் வந்து அதைப் பாட்டிலில் பிடித்துக்கொண்டு போய், 'உப்பு கொஞ்சம் ஜாஸ்தி' என்று தபால் கார்டில் எழுதிப் போட்டார். ஊர் அதோடு ஆராய்ச்சியை முடித்துக்கொண்டது.

ஆகையால் ஒரு வழக்கம் ஏற்பட்டது. இரும்பு யாருக்கோ, அவரே வந்து தொட்டியோரம் நின்று, தனக்கு வேண்டியதை ஒரே மூச்சில் சொல்லவேண்டும். ஆண்டாயி தன் கதிர் அரிவாளிடம், "எங்க வரப்பத் தாண்டாத" என்று சொல்லி வாங்கிப்போனாள். அது பக்கத்து வயல் கதிரில் பட்டால் வாழைமட்டையாய் மழுங்கிப்போகும். பெரியம்மாள் தன் குழம்புக் கரண்டியிடம், "ஒரு ஆளுக்கு ஒரு கரண்டிதான்" என்றாள். அவள் மகள் கல்யாணப் பந்தியில் சம்பந்தி இரண்டாம் தரம் குழம்பு கேட்டபோது, கரண்டி குப்புறக் கவிழ்ந்துகொண்டு நிமிர மறுத்துவிட்டது. இரண்டு குடும்பமும் இன்னும் முகம் கொடுத்துப் பேசுவதில்லை என்று கேள்வி.

இன்னொன்றும் உண்டு. இரும்பிடம் பொய் சொல்லக் கூடாது. மனசில் இல்லாததைச் சொன்னால் 'ட்டிக்' என்று எல்லோர் காதிலும் விழும்படி கீறிக்கொள்ளும். ஊர்ப் பெரிய மனிதர் ஒருவர் தன் புது மண்வெட்டியிடம், "நான் அடுத்தவன் மண்ணுக்கு ஆசப்படாதவன், நீயும் அப்படியே இரு" என்றார். மண்வெட்டி நெடுக்காக இரண்டு துண்டானது. அந்த முறை ஊராட்சித் தேர்தலில் அவர் நிற்கவில்லை.

இப்பேர்ப்பட்ட தொழிலில் இப்பேர்ப்பட்ட வாய். கொளஞ்சியின் கைவேலையைக் குறை சொல்ல முடியாது. அவன் தட்டிய விளிம்பு நூல் பிடித்த மாதிரி இருக்கும். ஆனால் ராசாங்கத்துக்குக் கரும்பு வெட்டும் கத்தி தோய்த்தபோது, ராசாங்கம் வாயைத் திறப்பதற்குள் இவன் வீராயியைப் பார்த்து, "பசி உயிர் போவுது, வூட்டுக்குப் போயிரலாமா?" என்றான். அன்று முதல் அந்தக் கத்தி காலை பதினொரு மணி வரைக்கும் வெட்டும். அப்புறம் ராசாங்கத்தைக் கையோடு இழுத்துக்கொண்டு வீட்டுப் பக்கம் கிளம்பிவிடும். ராசாங்கத்தின் மனைவி ஒருத்திக்குத்தான் அதில் சந்தோஷம். இன்னொருவருடைய கடப்பாரையைத் தோய்க்கும்போது, "இடுப்பு புடிச்சிக்கிச்சி, குனியவே முடியல" என்று அலுத்துக்கொண்டான். அந்தக் கடப்பாரை நட்டுக்குத்தலாய் நின்றதே தவிர மண்ணில் இறங்கவில்லை.

வீராயிதான் இதற்கு ஒரு வழி செய்தாள். பட்டறையில் துருத்தி ஊதுகிறவள் அவள். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து இருபத்தொரு வருஷமாக அந்தத் துருத்திச் சங்கிலி அவள் கையில்தான். இரும்பு பழுத்ததும் ஒரு சொம்புத் தண்ணீரை நீட்டுவாள். கொளஞ்சி வாய் கொள்ளுமட்டும் ஊற்றி அடக்கிக்கொள்ள வேண்டும். கன்னம் இரண்டும் உப்பி, கண் பிதுங்கி, குறட்டால் இரும்பைப் பிடித்து அவன் தோய்ச்சல் விடுவதைப் பார்க்கவே சிலர் வேலையில்லாமல் வந்து நின்றார்கள். தோய்ச்சல் முடிந்ததும் ஓடிப்போய்ப் புளியமரத்தடியில் துப்பிவிட்டு, அதுவரை சேர்த்துவைத்த பேச்சையெல்லாம் வட்டியோடு பேசித் தீர்ப்பான். வாய்த்தண்ணிக் கொளஞ்சி என்ற பேர் அப்படி வந்தது. ஆறு வருஷம் ஒரு தப்பும் நடக்கவில்லை.

அப்புறம் டவுன் பஸ் வந்தது. பெரம்பலூரிலிருந்து வருகிற பஸ் கரட்டுமேட்டோடு நின்று, புளியமரத்தைச் சுற்றித் திரும்பி, இருபது நிமிஷம் இளைப்பாறிவிட்டுத்தான் போகும். கண்டக்டர் மாயவன் இறங்கியதும் முதல் வேலையாக, "இந்த ஊர்ல திங்க ஒண்ணும் கெடையாதாக்கா?" என்று வீராயியிடம் கேட்பான். தினமும் கேட்டான். கேட்கக் கேட்க வீராயியின் மனசில் ஒரு கடை எழும்பிக்கொண்டே வந்தது. அந்தக் காலத்தில் அந்தப் பக்கத்து வீடுகளில் தோசை என்றால் தீபாவளிக்குத்தான். தீபாவளி இல்லாத நாளில் பஸ்ஸுக்கு நிற்கிற சனத்துக்கு ஒரு தோசை கொடுத்தால் எப்படி இருக்கும்? இதுவரைக்கும் அவள் தனக்கென்று பட்டறையில் ஒரு ஆணிகூடக் கேட்டதில்லை. இப்போது கேட்டாள்.

"எனக்கு ஒரு தோசக்கல்லு அடிச்சிக் குடுங்க. பெருசா. நானே வந்து நின்னு சொல்லிக்கிறேன்."

"என்னா சொல்லுவ?"

"அத அன்னிக்கிக் கேட்டுக்குங்க."

லப்பைக்குடிக்காட்டில் இரும்புக்கடை வைத்திருந்த தாவூது பாயிடம் தடித் தகடு வாங்கி, கொளஞ்சி மூன்று நாள் தட்டினான். நிஜமாகவே ஆசையாய்த் தட்டினான். வண்டிச் சக்கரத்தில் பாதி அளவுக்கு, நடுவில் லேசான குழிவோடு, கை வைத்துத் தடவினால் வழுக்குகிற கல். தோய்ச்சல் நாளில் தாவூது பாயும் வந்திருந்தார். வீராயி குளித்து, தலை முடிந்து, தொட்டியோரம் வந்து நின்றாள். கொளஞ்சி வாயில் தண்ணீரை அடக்கிக்கொண்டு கல்லைக் குறட்டால் தூக்கினான்.

தாவூது பாய் நல்ல மனுஷர். அவருக்கு அன்று அந்த ஞாபகம் வராமல் இருந்திருக்கலாம்.

"கொளஞ்சி, தோசன்னதும் நெனப்பு வருதுப்பா. போன வருஷம் வெங்காயம் வாங்க செட்டிகுளம் போனப்ப உங்க மாமியார் வூட்டுல சாப்புட்டோமே! மாஷா அல்லா, அதெல்லாம் தோச!"

கொளஞ்சிக்கு மாமியார் தோசையைப் பற்றிச் சொல்ல ஒரு நல்ல வார்த்தை ரெடியாக இருந்தது. சொன்னால் பாய் விழுந்து விழுந்து சிரிப்பார் என்பது நிச்சயம். ஆறு வருஷத்து அடக்கம் ஒரு மடக்கில் தொண்டைக்குள் இறங்கியது. கல் தண்ணீருக்குள் போன அதே நொடியில் சொன்னான்:

"தோசன்னா எங்க மாமியா சுடணும் பாய்! இவ சுட்டா கல்லோட வச்சித்தான் திங்கணும்!"

சொய்ய்.

பாய் சிரிக்க வாயைத் திறந்தார். வீராயியைப் பார்த்து மூடிக்கொண்டார். கொளஞ்சி மட்டும் பாதிச் சிரிப்பில் நின்றான். வீராயி குனிந்து கல்லை ஓரம் ஓரமாகப் பார்த்தாள். மேலே பார்த்தாள், புரட்டிப் போட்டு அடியில் பார்த்தாள்.

"கீறல" என்றாள்.

"என்னா புள்ள?"

"கல்லு கீறல. அப்ப வெளையாட்டுக்குச் சொல்லல நீ. மனசறிஞ்சிதான் சொல்லியிருக்க."

வீராயிக்குக் கோபம் வந்தால் 'ங்க'வைக் கழற்றி வைத்துவிடுவாள். அன்று கழற்றியது பல நாள் திரும்ப வரவில்லை.

இருந்தும் மறுநாள் அவள் மாவு ஊற்றிப் பார்த்தாள். முதல் தோசை கல்லைக் கட்டிப்பிடித்துக்கொண்டது. இரண்டாவது சுரண்டச் சுரண்டத் தூளாக வந்தது. மூன்றாவதைச் சுரண்டவே முடியவில்லை, உளி வைத்துத் தட்டி எடுத்தாள். ஆண்டாயி ஊற்றிப் பார்த்தாள், அவளுக்கும் அதே கதி. பஸ்ஸில் வந்தவர்கள் வேடிக்கை பார்த்துவிட்டுப் பசியோடு போனார்கள். மாயவன்தான், "அவரு சொன்ன மாமியாரையே கூட்டியாந்தாத்தான் ஆவும் போலருக்கு" என்று, பெரம்பலூரில் செட்டிகுளம் பஸ் கண்டக்டரிடம் சேதி சொல்லி அனுப்பினான். அடுத்த நாள் பகல் பஸ்ஸில் ஒரு மஞ்சள் பையோடும் இரண்டு முழம் பேச்சோடும் வீராயியின் அம்மா குஞ்சம்மாள் வந்து இறங்கினாள்.

குஞ்சம்மாள் ஒரு கரண்டி மாவை ஊற்றி இழுத்தாள். ஓரம் தானாக எழும்பியது. கையால் தொட்டு எடுத்தாள். அந்தத் தோசையைத் தூக்கிப் பிடித்தால் அந்தப் பக்கம் நிற்கிற பஸ்ஸின் நம்பரைப் படிக்கலாம்.

கடை பிய்த்துக்கொண்டு ஓடியது. ஆலைக்குக் கரும்பு ஏற்றிப் போகிற வண்டிக்காரர்கள் சுற்றிக்கொண்டு இந்த வழியாக வந்தார்கள். "அம்மா கைக்கு ஒரு காப்பு போடணும்" என்று ஆளாளுக்குச் சொன்னார்கள். அம்மா முன்னால் பலகையில் சபை நடத்திக்கொண்டிருக்க, அம்மாவின் மகள் பின்னால் ஆட்டுக்கல்லில் மாவு ஆட்டிக்கொண்டிருந்தாள். அந்தக் கடைக்கு இடம் பார்த்தது அவள், அடுப்புக் கட்டியது அவள், கீற்று வேய்ந்தது அவள். இப்போது அங்கே அவளுக்கு, "மாவு கொண்டா" என்கிற குரல் மட்டும்தான் வந்தது.

கொளஞ்சிக்கு வந்த கேடு வேறு. அவன் ஆயுசில் முதல் தடவையாகத் தன்னைவிட அதிகம் பேசுகிற ஒருவரோடு ஒரே வீட்டில் இருந்தான். காலையில் அவன், "நேத்து பாருங்க அத்த..." என்று ஆரம்பித்தால், குஞ்சம்மாள் அந்த நேற்றைப் பிடுங்கிக்கொண்டு போய், தன் கல்யாணத்தில் ஆரம்பித்து, செட்டிகுளம் மலையில் பங்குனி உத்திரத்துக்குக் கூட்டத்தில் செருப்பைத் தொலைத்தது வழியாக, மத்தியானச் சோற்றில் கொண்டுவந்து நிறுத்துவாள். பட்டறைக்கே வந்து, "மாப்ள, சம்மட்டிய இப்படியா புடிப்பாங்க?" என்று கேட்பாள். தோய்ச்சலுக்குத் தண்ணீரை வாயில் அடக்கிக்கொண்டு அவன் நிற்கும்போது எதிரில் உட்கார்ந்து கேள்வியாகக் கேட்பாள். அவன் பதில் சொல்ல முடியாமல் கழுத்து நரம்பு புடைக்க நிற்பான். ஊருக்கு அது தோசையைவிடப் பிடித்திருந்தது.

இதையெல்லாம் பொறுத்துக்கொள்ளலாம். வீராயி பேசாததைத்தான் அவனால் பொறுக்க முடியவில்லை. முன்பெல்லாம் அவனைச் சாப்பிடக் கூப்பிட அவளுக்கு மூன்று கூப்பாடு வேண்டும். "வாங்க" என்றால், "தோ வந்துட்டேன்" என்று சொல்லிப் பேச்சைத் தொடர்வான். "வரப்போறீங்களா இல்லியா?" என்றால் பாதி எழுந்து, நின்றபடி பேசுவான். "யோவ்!" என்று ஒரு அதட்டல் வந்த பிறகுதான் அப்படியே போட்டுவிட்டு ஓடுவான். இப்போது யோவும் இல்லை, வாங்களும் இல்லை. தட்டை வைத்து மூடிவிட்டுப் போய்விடுவாள். துருத்தி மட்டும்தான் அவனிடம் பேசியது. கோபம் அதிகமானால் உலை வீட்டுக்கூரை வரைக்கும் எரிந்தது. அழுகை வந்தால் நெருப்பு கண் மூடிக் கிடந்தது.

ஐப்பசி பிறந்தது. குஞ்சம்மாள் கையை உதறினாள்.

"வெங்காயம் ஊனணும். ஆளு வச்சி ஊனுனா ஊனுன மாதிரியா இருக்கும்? வெள்ளிக்கெழம பஸ்ல கெளம்புறேன்."

"அப்ப கடை?" என்றான் கொளஞ்சி.

"கடைய ஏங் கேக்குற?" என்றாள் வீராயி. ஒன்றரை மாதத்தில் அவனைப் பார்த்து அவள் பேசிய முதல் பேச்சு அது. "அம்மா போற பஸ்ல நானும் போறேன். செட்டிகுளத்துல போட்டுக்கிறேன் கடைய. அங்க என்னயப் பாத்துச் சிரிக்க ஆளு இல்ல."

கொளஞ்சி அவசரமாகச் சொன்னான்: "பெரம்பலூர் சந்தையில வேற கல்லு வாங்கியாந்துடுறேன் புள்ள. நாளைக்கே."

"கல்ல மாத்திப்புடலாம். சொன்ன சொல்ல என்னா பண்ணுவ?"

பேச்சு இல்லாமல் கொளஞ்சி நின்றது ஊரில் அன்றுதான் முதல் தடவை என்று ஆண்டாயி வீடு வீடாகப் போய்ச் சொன்னாள்.

ஏறிய சொல்லைக் கழற்ற, இரும்பு பாழாகிவிடும் என்று ஊரில் யாரும் துணியாத ஒரு வழிதான் இருந்தது. கல்லை மறுபடி பழுக்கக் காய்ச்சி, சொன்ன அதே வாய், கேட்ட அதே ஆட்கள் முன்னால் மாற்றிச் சொல்லவேண்டும். தகடு இன்னும் இரண்டு தடவைதான் அந்தச் சூட்டைத் தாங்கும். கொளஞ்சி வியாழக்கிழமை காலையே தாவூது பாயை வரவழைத்தான். காலை பஸ்ஸும் வந்து நின்றது. மாயவன் பஸ்ஸைப் பூட்டாமல் இறங்கிவிட்டான். குஞ்சம்மாள் பலகையைப் பட்டறை வாசலுக்கே எடுத்துவந்து போட்டுக்கொண்டாள். வீராயி வந்து துருத்திச் சங்கிலியைப் பிடித்தாள். வேண்டாம் என்று அவள் சொல்லாததே கொளஞ்சிக்குத் தெம்பாக இருந்தது.

ராத்திரியெல்லாம் யோசித்து வைத்திருந்தான். கல் பழுத்தது. கொண்டுபோய்த் தொட்டியில் இறக்கி, ஊருக்கே கேட்கும்படி சொன்னான்:

"எம் பொண்டாட்டி வீராயி சுடுற தோச மாதிரி இந்த ஒலகத்துலயே கெடையாது!"

ட்டிக்.

விளிம்பிலிருந்து ஒரு விரல் நீளத்துக்குக் கீறல். மாயவன் வானத்தைப் பார்த்தான். பாய் தாடியைத் தடவினார். கொளஞ்சிக்குத் தொட்டித் தண்ணீரிலேயே தலையை முக்கிக்கொள்ளலாம் போலிருந்தது. வைதால் கல் நம்புகிறது, புகழ்ந்தால் பிளக்கிறது. இதைவிட ஒரு பெண்பிள்ளையை எப்படித்தான் அவமானப்படுத்துவது?

குஞ்சம்மாள் எட்டிப் பார்த்துவிட்டுச் சொன்னாள்: "இன்னொரு பொய் சொன்னீங்கன்னா ரெண்டாப் போயிரும் மாப்ள. ஆளுக்குப் பாதி வச்சிக்கலாம்."

வீராயி எழுந்து போய்விடுவாள் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். அவள் எழுந்தாள், போய்ச் சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொளஞ்சியிடம் நீட்டினாள்.

"அடக்கு. கல்லு பழுக்குற வரைக்கும் வாயத் தொறக்காத. நான் பேசணும்."

அவன் வாய் நிறைய அடக்கிக்கொண்டான். அவள் மறுபடி துருத்தியில் உட்கார்ந்தாள். சங்கிலியை இழுத்துக்கொண்டே, நெருப்பைப் பார்த்துக்கொண்டே பேசினாள்.

"எந் தோச தடிப்புதான். ஓரம் கருகும்தான். எனக்குத் தெரியாதா? அதுக்காவ நான் அழுவல. பத்துப் பேரு சிரிக்க ஒனக்கு எப்பவும் நாந்தான் கெடைக்கிறேன். எங் கறுப்பு, எங் கொரலு, நான் ஆத்துல வழுக்கி வுழுந்தது... எத்தன வருசமா? அன்னிக்கித்தான் அத இரும்பும் கேட்டுருச்சி. அவ்ளோதான் வித்தியாசம்."

கொளஞ்சி கன்னம் உப்ப நின்றான். சொல்ல எவ்வளவோ இருந்தது. வாயில் தண்ணீர் இருந்தது.

"அந்தக் கல்லுக்குச் சொல்ல மூணு மாசமா ஒரு வார்த்த வச்சிருந்தேன். என்னான்னு அப்பறம் ஒரு நாளாவது கேட்டியா? கேக்கல. 'ஊருக்கெல்லாம் எப்புடி வேணா வா, எம் புருஷனுக்குச் சுடுறது மட்டும் பிய்யாம வரணும்'னு சொல்ல இருந்தேன்."

துருத்தி மட்டும் மேலும் கீழுமாக மூச்சு விட்டது. இருபத்தொரு வருஷத்தில் வீராயி சொல்லி முடிக்கிற வரைக்கும் கொளஞ்சி கேட்டது அன்றுதான். அவள் முழங்கையில் நெருப்புப் பொறி தெறித்த பழைய தழும்புகள் ஏழெட்டு இருப்பதையும் அன்றுதான் எண்ணினான். அவன் பேர் சொல்லி ஊர் வாங்கிப்போன ஒவ்வொரு அரிவாளும் ஒவ்வொரு கத்தியும் அவள் ஊதிய காற்றில் பழுத்தவை. அவனுக்குக் கண்ணில் நீர் கட்டியது. உலைப்புகை என்று பிற்பாடு சொன்னான். நல்லவேளை, அதை இரும்பிடம் சொல்லச் சொல்லி யாரும் கேட்கவில்லை.

கல் பழுத்துவிட்டது. கொளஞ்சி அதைத் தூக்கினான். ராத்திரி யோசித்தது ஒன்றும் ஞாபகத்தில் இல்லை. தண்ணீரை விழுங்கினான். ஊருக்குக் கேட்கும்படி சொல்லவில்லை. கல்லுக்குக் கேட்டால் போதும் என்கிற மாதிரிச் சொன்னான்:

"இந்தப் பட்டறையில காத்து அவளோடது, வாய் மட்டுந்தான் என்னோடது, அவ சொன்னா நீ கேட்டுக்க, நான் கேக்குறாப்புல."

சொய்ய்.

எல்லோரும் காதைத் தீட்டிக்கொண்டு நின்றார்கள். தண்ணீர் கொதித்து அடங்கியது. நீராவி கலைந்தது. கல் கீறவில்லை. பழைய கீறலும் அந்த ஒரு விரலோடு நின்றுவிட்டது.

"அல்ஹம்துலில்லாஹ்" என்றார் தாவூது பாய். "சீக்கிரம் மாவ ஊத்தும்மா, எனக்குப் பசிக்குது."

அடுப்பில் ஏற்றி, எண்ணெய் தடவி, வீராயி மாவை ஊற்றி இழுத்தாள். அவள் கைவாகுப்படி தடிப்பாகத்தான் விழுந்தது. வெந்தது. தோசைத் திருப்பியை ஓரத்தில் கொடுத்தாள். தோசை அசையவில்லை. கொளஞ்சிக்கு முகம் செத்துவிட்டது. வீராயி மெல்ல, "வா" என்றாள். ஓரத்தில் ஒரு நூல் அளவு எழும்பின மாதிரி இருந்தது, அவ்வளவுதான். "வரப்போறியா இல்லியா?" என்றாள். பாதித் தோசை எழும்பியது. மீதிப் பாதி அங்கேயே இருந்துகொண்டு அடுப்போடு சளசளவென்று ஏதோ பேசிக்கொண்டிருந்தது. வீராயிக்கு இந்த ஒன்றரை மாதக் கோபமும் உச்சிக்கு ஏறிவிட்டது.

"யோவ்!"

தோசை துள்ளி எழுந்து திருப்பியின் மேல் வந்து உட்கார்ந்தது.

முதலில் சிரித்தவள் வீராயிதான். அடக்கப் பார்த்தாள், முடியவில்லை. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, கண்ணில் நீர் வர, அடுப்பு முன்னாலேயே உட்கார்ந்துவிட்டாள். அப்புறம் பஸ்ஸே சிரித்தது. "ஐயோ, நான் கேக்குறாப்புலன்னு சொன்னது தப்பாப் போச்சே!" என்று கொளஞ்சி தலையில் கை வைத்துக்கொண்டான். "தப்பு ஒண்ணும் இல்ல மாப்ள, கல்லு கீறல பாருங்க" என்றாள் குஞ்சம்மாள். முதல் தோசை யாருக்கு என்று கல்லிடம் யாரும் சொல்லியிருக்கவில்லை. வீராயி அதை எடுத்து, பசி என்று சொன்ன பாயைத் தாண்டி, கொளஞ்சியின் தட்டில் போட்டாள். "தின்னுங்க" என்றாள். கழற்றி வைத்த 'ங்க' அன்றுதான் திரும்ப வந்தது. ஓரம் கருகியிருந்தது. அவன் அதையும் விடாமல் தின்றான்.

வெள்ளிக்கிழமை பஸ்ஸில் குஞ்சம்மாள் மட்டும் ஏறினாள். ஏறின பிறகும் ஜன்னல் வழியாகப் பேசிக்கொண்டே இருந்ததில் மாயவனுக்கு விசில் ஊத ஐந்து நிமிஷம் தாமதமானது.

அதன் பிறகு வீராயி அந்தக் கல்லில் ரொம்ப வருஷம் கடை நடத்தினாள். தோசை தடிப்பு, ஒன்று தின்றால் பெரம்பலூர் வரைக்கும் தாங்கும் என்று பெயர் எடுத்தது. கொளஞ்சி பேச்சைக் குறைத்துக்கொண்டான் என்று சொன்னால் இந்தப் பேனாவே கீறிக்கொள்ளும். ஆனால் சபையில் சிரிப்பு மூட்டுவதற்கு வீராயியை இழுப்பதை விட்டுவிட்டான். அதற்குத் தன்னையே வைத்துக்கொண்டான், சரக்குக்குப் பஞ்சம் இருக்கவில்லை. கடையில் கூட்டம் சேர்கிற வேளையில் வீராயி கல்லைப் பார்த்து, "யோவ்!" என்று குரல் கொடுப்பாள். கல்லில் தோசையும், பக்கத்துப் பட்டறையில் பேச்சைப் பாதியில் விட்டுவிட்டுக் கொளஞ்சியும், ஒரே சமயத்தில் எழுந்துவிடுவார்கள்.